வாசலில் ஒரு ஜோடி செருப்பு அதிகம்: முதல் சர்ரியல் குறும்படம் எடுப்பவர்களுக்கு

பேய்ப் படம் எடுப்பது ஒரு விதத்தில் சுலபம். இருட்டும் அலறலும் பாதி வேலையைப் பார்த்துக்கொள்ளும். நன்றாக விடிந்த காலையில், பால் பாக்கெட் வந்துவிட்ட வீட்டில், குக்கர் விசில் அடிக்கும்போது ஏதோ ஒன்று சரியில்லை என்று பார்ப்பவர் வயிற்றில் பிசைய வைப்பதுதான் கஷ்டம். அன்றாடத்துக்குள் கனவுபோல ஒரு பிசகு நுழையும் அப்படி ஒரு சர்ரியல் படத்தில் விசித்திரத்துக்கு ஆகும் உழைப்பு கொஞ்சம். மீதி எல்லாம் சாதாரணத்தைச் சாதாரணமாகவே வைத்திருக்க ஆகும் உழைப்பு. எடுத்து முடித்த பிறகு பலரும் மாட்டுவது காகிதங்களில்.

இந்த வழிகாட்டி 5 முதல் 7 நிமிடப் படத்துக்கு: ஒரு வீடு, இரண்டு நடிகர்கள், இரண்டு நாள் படப்பிடிப்பு, செல்பேசிக் கேமரா. விளக்க வசதியாக ஒரு கதையை வைத்துக்கொள்வோம். மூன்று பேர் இருக்கும் வீடு. கணவனையும் மனைவியையும் பார்க்கிறோம், மகன் சாத்திய அறைக்குள்ளேயே இருக்கிறான். வாசலில் மூன்று ஜோடி செருப்பு. மறுநாள் காலை நான்கு. அதற்கு அடுத்த நாள் ஆறு. யாரும் உள்ளே வரவில்லை. வீட்டில் யாரும் அதைப் பற்றிப் பேசுவதும் இல்லை.

1. கதை: ஒரே ஒரு பிசகு

பிசகை ஒரே வரியில் எழுதுங்கள். "தினமும் வாசலில் செருப்பு கூடுகிறது." இந்த வரியில் "மேலும்" என்ற சொல் நுழைந்தால் கதை கெட்டது. செருப்பும் கூடுகிறது, கண்ணாடியில் வேறு முகமும் தெரிகிறது என்றால் பார்ப்பவர் நிம்மதியாகிவிடுவார்: "ஓ, இது எதுவும் நடக்கும் படம்." எதுவும் நடக்கலாம் என்று ஆனபின் எதுவும் உறுத்தாது.

பாத்திரங்கள் அதிர்ச்சியடையக் கூடாது. கணவன் வெளியே கிளம்பும்போது மனைவி அடுப்படியிலிருந்து, "பாத்துப் போங்க, தடுக்கிடும்" என்று சொன்னால் போதும். அந்த ஒரு வசனம் அலறலைவிட வேலை செய்யும். கனவு என்று முடிக்காதீர்கள், மனநோய் என்று முடிக்காதீர்கள், காரணம் சொல்லியும் முடிக்காதீர்கள். சிவப்பு விளக்கு, பொம்மை, தலைவிரி கோலம், வெள்ளைப் புடவை எல்லாம் வேறு வகைப் படத்தின் சொத்து.

எண்ணிக்கையிலும் ஒரு சூட்சுமம் உண்டு. எண்ணாமல், ஒரு பார்வையிலேயே மனிதக் கண்ணுக்குப் பிடிபடுவது சுமார் நான்கு பொருள்கள் வரைதான். மூன்று நான்கானால் தெரியும். ஏழு எட்டானால் தெரியாது. ஆகவே முதல் மாற்றத்தை மூன்றிலிருந்து நான்காக வையுங்கள். அதன் பிறகு ஒன்று ஒன்றாகக் கூட்டாமல் 6, 9, 15 என்று தாவுங்கள்.

திரைக்கதையில் பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்ற கணக்கு இங்கே உதவாது, வசனம் குறைவு. கையில் ஸ்டாப்வாட்ச் வைத்துக்கொண்டு வீட்டில் நீங்களே நடந்து, கதவைத் திறந்து, செருப்பைப் போட்டுப் பாருங்கள். எழுதும்போது 4 நிமிடமாகத் தெரிந்தது 9 நிமிடமாக இருக்கும்.

பொருள்கள் குறைவாக இருப்பதும் பலம். 1943-ல் இயக்குநர் தம்பதியான மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹாமிடும் தங்கள் ஹாலிவுட் வீட்டிலேயே எடுத்த "மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்" 14 நிமிடம் ஓடுகிறது. சாவி, ரொட்டிக் கத்தி, பூ, தொலைபேசி என்று கைவிரலில் எண்ணிவிடக்கூடிய பொருள்களே அதில் திரும்பத் திரும்ப வருகின்றன.

2. பணம்: முதலில் பிரித்து வையுங்கள்

மொத்தம் 30,000 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் பிரிப்பு ஏறத்தாழ இப்படி:

- நடிகர்கள் 2 பேர், 2 நாள், நாளுக்கு 1,500 வீதம்: 6,000
- 5 பேருக்கு 2 நாள் சாப்பாடு, டீ, தலைக்கு நாளுக்கு 400 வீதம்: 4,000
- முக்காலி, மைக் (வாங்கினாலும் வாடகைக்கு எடுத்தாலும்): 4,000
- கோப்புகளை இரண்டு பிரதியாக வைக்க டிஸ்க்: 5,000
- அரங்கப் பொருள்கள் (நம் கதையில் செருப்பு): 1,000
- திரைப்பட விழா விண்ணப்பக் கட்டணம்: 8,000
- எதிர்பாராத செலவுக்கு: 2,000

முதல் படம் எடுப்பவர்கள் பெரும்பாலும் கேமரா வாடகையில் பணத்தைக் கரைத்துவிட்டு, படம் முடிந்த பிறகு விழாக் கட்டணத்துக்குக் கை பிசைவார்கள். அந்த 8,000-ஐ முதல் நாளே தனியாக எடுத்து வையுங்கள். நண்பர்கள்தானே என்று நடிகர்களுக்குப் பணம் தராமல் இருக்காதீர்கள். இரண்டாம் நாள் காலை 6 மணிக்கு வந்து நிற்பவர்கள் பணம் வாங்கியவர்கள்தான்.

செருப்புக்கு 1,000 ரூபாய் போதுமா என்றால், போதும், ஏனென்றால் வாங்கவே கூடாது. புதுச் செருப்பு 15 ஜோடி வரிசையாக இருந்தால் கடை மாதிரி இருக்கும். குதிகால் தேய்ந்தது, வார் அறுந்து ஊசி போட்டது, குழந்தைச் செருப்பு, ஈரம் பட்டு வெளுத்தது என்று அக்கம்பக்கத்தில் இரவல் வாங்குங்கள். எது யாருடையது என்று அடியில் டேப் ஒட்டி எண் எழுதி, நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள். அந்த 1,000 ரூபாய், தொலைந்துபோகும் ஒரு ஜோடிக்கு.

3. காகிதங்கள்: கேமராவைத் தொடுவதற்கு முன்

படம் விழாவுக்குத் தேர்வாகி, "இசை உரிமைக் கடிதம் அனுப்புங்கள்" என்று மின்னஞ்சல் வரும்போதுதான் இதன் அருமை தெரியும். அதற்குள் இசையமைத்த நண்பர் வெளிநாடு போயிருப்பார்.

*தயாரிப்பாளர் யார்?* இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி ஒரு திரைப்படத்தின் ஆசிரியர் தயாரிப்பாளர்தான், இயக்குநர் அல்ல. நான்கு நண்பர்கள் சேர்ந்து எடுக்கிறீர்கள் என்றால் தயாரிப்பாளர் என்று யார் பெயர் போடுவது என்பதை முதலிலேயே முடிவு செய்து, ஒரு தாளில் எழுதி எல்லோரும் கையெழுத்துப் போடுங்கள். டைட்டில் கார்டில் மரியாதைக்காக மாமா பெயரைத் "தயாரிப்பு" என்று போடுவது பின்னால் தலைவலி.

*எழுத்தாளர், இசையமைப்பாளர் ஒப்பந்தம்.* உரிமையை மாற்றித் தருவது எழுத்தில், கையெழுத்துடன் இருந்தால்தான் செல்லும். வாய்ப்பேச்சும் வாட்ஸ்அப் கட்டைவிரலும் போதாது. இதில் இரண்டு குழிகள் இருக்கின்றன. எவ்வளவு காலத்துக்கு என்று எழுதாவிட்டால் சட்டம் அதை 5 ஆண்டு என்று எடுத்துக்கொள்ளும். எந்தெந்த நாடுகளில் என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்று எடுத்துக்கொள்ளும். பிரான்சில் ஒரு விழாவுக்கு அனுப்பப்போகும் படத்துக்கு இது நேரடிச் சிக்கல். "பதிப்புரிமைக் காலம் முழுவதற்கும், உலகம் முழுவதற்கும்" என்ற வரி கட்டாயம் வேண்டும். வாங்கிய உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகும் என்ற விதியும் உண்டு. அது பொருந்தாது என்றும் ஒப்பந்தத்திலேயே எழுதிவிடுங்கள்.

*நடிகர் ஒப்புதல்.* பெயர், முகவரி, அடையாள அட்டை நகல், படத்தின் பெயர், தேதிகள், ஊதியம், "என் உருவத்தையும் குரலையும் இந்தப் படத்திலும் அதன் விளம்பரத்திலும் பயன்படுத்தலாம்" என்ற வாக்கியம். ஒரு பக்கம் போதும். முதல் நாள் காலை டீக்கு முன் வாங்கிவிடுங்கள். படப்பிடிப்பு முடிந்த இரவில் எல்லோருக்கும் வண்டி பிடிக்கும் அவசரம்.

*வீட்டுக் கடிதம்.* வாடகை வீடென்றால் குடியிருப்பவர் சம்மதம் மட்டும் போதாது, உரிமையாளர் கையெழுத்தும் வேண்டும். நம் கதைக்கு முக்கியமான இடம் வாசல். அடுக்குமாடியில் வாசலுக்கு வெளியே உள்ள நடைபாதை பொது இடம். அதற்குக் குடியிருப்போர் சங்கத்தின் கடிதம் வேண்டும். தேதி, நேரம், எத்தனை பேர், எந்த மாடி என்று தெளிவாக எழுதிக் கேளுங்கள். "ஷூட்டிங்" என்ற சொல்லைக் கேட்டதும் ஜெனரேட்டர் வேனும் கேரவனும் கற்பனை செய்துகொண்டு மறுப்பார்கள். "ஐந்து பேர், ஒரு செல்பேசி, ஒரு முக்காலி" என்று எழுதினால் சம்மதிப்பார்கள்.

*பாட்டு.* ஒரு பாட்டில் இரண்டு உரிமை இருக்கிறது: பாட்டை இயற்றியவருடையது, அதைப் பதிவு செய்தவருடையது. தியாகராஜர் கீர்த்தனை யாருக்கும் சொந்தமில்லை, நீங்களே பாடிப் பதிவு செய்துகொள்ளலாம். ஆனால் ஒரு வித்வான் பாடி வெளியான ஒலிப்பதிவை எடுத்துப் போட முடியாது. ஒலிப்பதிவுக்கு வெளியான ஆண்டிலிருந்து 60 ஆண்டு உரிமை உண்டு. பின்னணியில் டிவி ஓடுவது, பக்கத்து வீட்டு ரேடியோ, சுவரில் சினிமா போஸ்டர் எல்லாமே இதே வகைத் தொல்லை. டிவி ஓடித்தான் ஆகவேண்டும் என்றால் திரையைக் காட்டாமல், நீங்களே எழுதிப் பேசிய செய்தியை ஓடவிடுங்கள்.

*பதிவு.* பதிப்புரிமை பதிவு செய்யாமலே வந்துவிடும். ஆனாலும் திரைக்கதையைப் பதிவு செய்வது நல்லது. இணையத்தில் விண்ணப்பிக்கலாம், இலக்கியப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய். விண்ணப்பத்துக்கான டைரி எண் வந்த பிறகு, ஆட்சேபம் ஏதும் வருகிறதா என்று 30 நாள் காத்திருப்பார்கள். திரைப்படமாகப் பதிவு செய்ய 5,000. முதல் படத்துக்கு 500 ரூபாய்ப் பதிவோடு நிறுத்திக்கொள்ளலாம் என்பது என் கருத்து.

*தணிக்கை.* யூடியூபில் போட தணிக்கைச் சான்று தேவையில்லை. திரையரங்கில் வெளியிட்டால் தேவை. இந்திய விழாக்களில் சான்றில்லாமல் திரையிட விலக்குப் பெறுவது விழா நடத்துபவர் வேலை, உங்களுடையது அல்ல.

*குழந்தையும் விலங்கும்.* முதல் படத்தில் இரண்டையும் தவிர்ப்பது உத்தமம். மகனை அறைக்குள்ளேயே வைத்ததற்கு இதுவும் ஒரு காரணம். குழந்தை நடிப்பதென்றால் படப்பிடிப்பு நடக்கும் மாவட்ட ஆட்சியரின் முன்அனுமதி வேண்டும். ஒரு நாளில் 5 மணி நேரத்துக்கு மேல் கூடாது, ஓய்வில்லாமல் 3 மணி நேரத்துக்கு மேல் கூடாது, வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காடு குழந்தை பெயரில் வைப்புத்தொகையாகப் போக வேண்டும். விலங்கை நடிக்கவைக்க இந்திய விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும். அந்த வாரியம் சென்னையில்தானே என்று தேடாதீர்கள்; ஹரியானாவில் பல்லப்கருக்குப் போய்விட்டது. காகம் வேண்டுமா? குரலை மட்டும் பதிவு செய்யுங்கள். காகம் கண்ணில் படாமல் கரைந்துகொண்டே இருப்பது காட்டுவதைவிட நன்றாக இருக்கும்.

4. தேதி குறிப்பது

ஆடியிலும் மார்கழியிலும் ஒலிபெருக்கி. முகூர்த்த நாளில் பக்கத்துத் தெரு மண்டபம். வசனத்துக்குள் பாட்டு புகுந்துவிட்டால் எடுக்கவே முடியாது. மாதாந்திரப் பராமரிப்பு மின்தடை உங்கள் பகுதிக்கு என்றைக்கு என்று பார்த்துவிட்டு நாள் குறியுங்கள். அடுக்குமாடியில் தண்ணீர் மோட்டார் போடும் நேரம், லிஃப்ட் அதிகம் ஓடும் நேரம் இரண்டையும் காவலாளியிடம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

திரைக்கதைக்கு 2 வாரம், காகிதங்களுக்கும் ஒத்திகைக்கும் 2 வாரம், படப்பிடிப்பு 2 நாள், தொகுப்பு 2 வாரம், ஒலி 2 வாரம், சப்டைட்டிலும் இறுதிக் கோப்பும் 1 வாரம். ஒலிக்கு 2 வாரமா என்று வெட்டிவிடாதீர்கள். இந்த வகைப் படத்தில் பாதி படம் அதுதான்.

5. கேமரா: எதுவும் தானாக மாறக் கூடாது

செல்பேசியின் சொந்தக் கேமராச் செயலி வெளிச்சத்தையும் நிறத்தையும் தானே சரிசெய்துகொண்டே இருக்கும். வீட்டுக்குள் ஒருவர் வெள்ளைச் சட்டையோடு வந்தால் சுவர் இருண்டு போகும். கையால் அமைக்கவிடும் செயலி வேண்டும். பிளாக்மேஜிக் கேமரா செயலி இலவசம்.

வினாடிக்கு 24 ஃபிரேம் (தனிப்படம்), ஷட்டர் திறந்திருக்கும் நேரம் 1/50 வினாடி. காரணம்: நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்குகள் வினாடிக்கு 100 தடவை மினுக்கும். 30 ஃபிரேமில் 1/60 வைத்து எடுத்தால் டியூப்லைட் வெளிச்சத்தில் சுவரில் கோடு கோடாக ஓடும். 24 ஃபிரேமாக எடுத்துவிட்டால் பின்னால் திரையரங்கக் கோப்பு செய்யும்போதும் மாற்ற வேண்டியதில்லை. மலிவான எல்இடி பல்பு சில 1/50-லும் மினுக்கும். முந்தின நாளே ஒவ்வொரு விளக்கின் கீழும் 10 வினாடி எடுத்துப் பெரிய திரையில் பாருங்கள்.

ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்), வெண்மைச் சமநிலை (நிறச் சரிகட்டல்), ஃபோகஸ் மூன்றையும் பூட்டுங்கள். வாசல் காட்சிகள் எல்லாவற்றையும் ஒரே கோணத்தில், ஒரே உயரத்தில் எடுக்கவேண்டும். முக்காலியின் கால்கள் நிற்கும் இடத்தைத் தரையில் டேப்பால் குறித்து, நடுவில் 5 கிலோ அரிசிப் பையைத் தொங்கவிடுங்கள். பொத்தானைக் கையால் அழுத்தினால் அசையும், ப்ளூடூத் ரிமோட் போதும்.

வெயில் விழும் வாசலில் பத்து நிமிடத்தில் நிழல் நகர்ந்துவிடும். ஆகவே வாசல் காட்சிகளை நாள்வாரியாக எடுக்காதீர்கள். 15 ஜோடியில் தொடங்கி, 9, 6, 4, 3 என்று பின்னாலிருந்து குறைத்துக்கொண்டே ஒரே மூச்சில் எடுங்கள். கூட்டிக்கொண்டே போனால் புதுச் செருப்பை வைக்கும்போது பழையது நகரும், குறைக்கும்போது நகராது. மூன்று ஜோடி மட்டும் எல்லாக் காட்சியிலும் அங்குலம் பிசகாமல் அதே இடத்தில் இருக்கும். பார்ப்பவருக்குக் காரணம் தெரியாது, ஆனால் உறுத்தும்.

6. தந்திரங்கள்: கைக்கு அடக்கமானவை

உங்கள் பிசகு செருப்பாக இல்லாமல் வேறொன்றாக இருந்தால் இவற்றில் ஒன்று உதவும். ஒன்றுதான்.

*காட்சியை இடம் வலமாகப் புரட்டுவது.* நம் ஊரில் இதைவிடச் சக்தி வாய்ந்த தந்திரம் இல்லை. புரட்டியதும் மொத்தக் குடும்பமும் இடக்கையால் சாப்பிடும். புடவைத் தலைப்பு வலத் தோளுக்குப் போகும். ஆணின் சட்டைப் பொத்தான் திசை மாறும். எண்கள் இல்லாத சுவர்க்கடிகாரம் என்றால் வினாடி முள் பின்னோக்கி ஓடும். பார்ப்பவர் முதலில் எதையோ உணர்வார், பிறகுதான் கையைப் பார்ப்பார். காட்டிக்கொடுப்பது எழுத்து. தினசரி நாட்காட்டி, செய்தித்தாள், பால் பாக்கெட், மஞ்சள் பை எல்லாம் இடம் வலம் மாறிய எழுத்தாகிவிடும். தேவையான இரண்டு மூன்றை மட்டும் பிரிண்ட் கடையில் "மிரர் பிரிண்ட்" என்று கேட்டு அடித்து ஒட்டுங்கள். புரட்டியதும் சரியாகப் படிக்கலாம். மீதி எழுத்தையெல்லாம் ஃபிரேமிலிருந்து எடுத்துவிடுங்கள். படம் வெளிநாடு போனால் இடக்கை அவர்களுக்கு உறைக்காது என்பதையும் நினைவில் வையுங்கள்.

*பின்னோக்கி நடப்பது.* நடிகரைப் பின்னால் நடக்கவைத்து எடுத்து, அதைத் திருப்பி ஓட்டினால் முன்னால் நடப்பதுபோலவே தெரியும். பின்னால் நடக்கும்போது விரல் முதலில் தரையைத் தொட்டு, குதிகால் கடைசியில் எழும். திருப்பினால் குதிகால் முதலில் பதிந்து விரல் கடைசியில் எழுகிறது, அது சாதாரண நடைதான். பிசகு துணியில் தெரியும்: புடவை முந்தானை நடைக்குப் பின்னால் வராமல் முன்னால் ஓடும். இதை 4 வினாடிக்கு மேல் காட்டாதீர்கள், ஐந்தாவது வினாடியில் தந்திரம் புரிந்துவிடும். காபி ஆற்றுவதையும் இப்படி எடுக்கலாம். டவராவிலிருந்து காபி கோடாக மேலே எழுந்து டம்ளருக்குள் போகும், நுரை அடங்கிக்கொண்டே வரும். ஆவி மட்டும் வேண்டாம். அது கீழே இறங்குவது வேடிக்கையாகிவிடும். ஆறிய காபியில் எடுங்கள்.

*ஒரே ஆள் இரண்டு பேராக.* கேமராவை அசைக்காமல் இரண்டு தடவை எடுத்து, பீரோ விளிம்பிலோ கதவு நிலையிலோ வெட்டி ஒட்டுவது. ஆளின் நிழல் அந்தக் கோட்டைத் தாண்டக் கூடாது. யாருமில்லாத வெறும் அறையையும் 20 வினாடி எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். மின்விசிறியை நிறுத்துங்கள், திரைச்சீலை ஆடினால் ஒட்டு தெரியும். கண் பார்க்க வேண்டிய இடத்துக்கு, விளக்குமாற்றுக் கட்டையில் ஆள் உயரத்துக்கு ஒரு பொட்டு ஒட்டி நிறுத்துங்கள்.

*கோலம் தானே அழிவது.* கோலம் போடுவதைத் துண்டு துண்டாகப் புகைப்படம் எடுத்து, திருப்பி ஓட்டுவது. வினாடிக்கு 12 படம், ஒவ்வொன்றும் இரண்டு ஃபிரேம். 10 வினாடிக்கு 120 படம். அரிசி மாவு வேண்டாம். அரை மணியில் எறும்பு வந்துவிடும், நாற்பதாவது புகைப்படத்திலிருந்து ஃபிரேமுக்குள் ஊரும். கல் மாவில் போடுங்கள்.

7. ஒலி

ஃபிரிட்ஜை அணைத்துவிட்டு எடுங்கள். அணைத்ததை மறந்தால் வீட்டுக்காரர் பால், மாவு எல்லாம் போயிற்று; ஆகவே வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிடுங்கள். கிளம்பும்போது சாவியைத் தேடினால் ஞாபகம் வரும்.

ஒவ்வொரு அறையிலும், யாரும் அசையாமல், ஒரு நிமிடம் வெறும் அமைதியைப் பதிவு செய்யுங்கள். அதன் பிறகு வீட்டின் ஒலிகளைத் தனித்தனியாக: குக்கர் விசில், மிக்ஸி, மின்விசிறியின் "டக் டக்", குழாய் சொட்டு, கேட் தாழ்ப்பாள், செருப்பைக் கழற்றிவிடும் சத்தம். ரெக்கார்டரில் 96 கிலோஹெர்ட்ஸ் பதிவுத் தரம் இருந்தால் அதில் எடுங்கள். பாதி வேகத்தில் ஓட்டும்போது விசில் ஒரு ஸ்தாயி இறங்கி, இரண்டு மடங்கு நீளும். 96-ல் எடுத்தது அப்போதும் தெளிவாக இருக்கும்.

நம் கதையில் இசை போடாதீர்கள். நான்காவது ஜோடி வரும் காட்சிக்குப் பிறகு மின்விசிறி ஒலியை 10 வினாடியில் மெல்லக் குறைத்து இல்லாமல் செய்யுங்கள். விசிறி சுற்றுவது கண்ணில் தெரியும், காதில் இருக்காது. யாருக்கும் எப்போது நின்றது என்று தெரியாது. வேறொரு காட்சியில் கணவனும் மனைவியும் சாப்பிடும்போது, வாசல் பக்கமிருந்து யாரோ செருப்பைக் கழற்றிவிடும் சத்தம் மட்டும் வரட்டும். யாரும் தலையைத் திருப்பக் கூடாது.

செல்பேசிக் காணொளியில் ஃபிரேம் வேகம் ஏறி இறங்கும் பழக்கம் உண்டு. தனி ரெக்கார்டரில் எடுத்த ஒலி தொடக்கத்தில் பொருந்தி, மூன்றாவது நிமிடத்தில் உதட்டோடு சேராமல் போகும். தொகுப்பதற்கு முன் எல்லாக் கோப்பையும் ஹேண்ட்பிரேக் மென்பொருளில் நிலையான 24 ஃபிரேமுக்கு மாற்றுங்கள். ஷாட் தொடக்கத்திலும் முடிவிலும் ஒரு கைதட்டு இருந்தால் சரிபார்ப்பது சுலபம்.

8. தொகுப்பு

டாவின்சி ரிசால்வ் என்ற தொகுப்பு மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும். முதல் வாசல் காட்சியை 5 வினாடி நிறுத்துங்கள், அடுத்தடுத்தவை 3 வினாடி, கடைசியை 8 வினாடி. செருப்புக்கு நெருக்கக் காட்சி வைக்க ஆசை வரும். வைத்தால் "பாருங்கள், இதுதான் விஷயம்" என்று நீங்களே சொன்னதாகிவிடும்.

கதை தெரியாத மூன்று பேருக்குப் போட்டுக் காட்டுங்கள். பிடித்ததா என்று கேட்காதீர்கள், என்ன நடந்தது என்று கேளுங்கள். செருப்பு கூடுவதை அவர்கள் எந்த இடத்தில் கவனித்தார்கள் என்று குறியுங்கள். இரண்டாம், மூன்றாம் வாசல் காட்சிகளுக்கு இடையில் கவனித்தால் சரி. முதலிலேயே கண்டுபிடித்தால் அழுத்திச் சொல்லிவிட்டீர்கள். கடைசி வரை தெரியவில்லை என்றால் ஃபிரேமில் வேறு பொருள்கள் அதிகம்.

9. சப்டைட்டிலும் இறுதிக் கோப்பும்

ஆங்கில சப்டைட்டில் இல்லாமல் எங்கும் அனுப்ப முடியாது. வரிக்கு 42 எழுத்து, ஒரு நேரத்தில் இரண்டு வரி, குறைந்தது 1 வினாடி. எஸ்ஆர்டி என்ற எழுத்துக் கோப்பாகத் தனியாகவும், படத்திலேயே பதித்து இன்னொரு பிரதியாகவும் வைத்துக்கொள்ளுங்கள்.

சப்டைட்டிலால் மொழிபெயர்க்க முடியாத ஒன்று நம் கதையில் இருக்கிறது: செருப்பை வாசலில் விடும் வழக்கம். அது எல்லா ஊரிலும் இல்லை. முதல் ஒரு நிமிடத்துக்குள் கணவன் வெளியிலிருந்து வந்து செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடு உள்ளே போவதை முழுமையாகக் காட்டிவிடுங்கள். அதற்குப் பிறகு "ஒரு ஜோடி என்றால் உள்ளே ஒரு ஆள்" என்ற கணக்கு யாருக்கும் புரியும்.

வைக்கவேண்டிய கோப்புகள்: உயர்தர மாஸ்டர், இணையத்துக்காக எச்.264 முறையில் சுருக்கிய பிரதி, சப்டைட்டில் பதித்த பிரதி, சப்டைட்டில் இல்லாத பிரதி. திரையரங்கில் போட டிசிபி (திரையரங்கு புரொஜெக்டருக்கான டிஜிட்டல் கோப்புத் தொகுப்பு) கேட்பார்கள். டிசிபி-ஓ-மேட்டிக் என்ற இலவச மென்பொருளில் நீங்களே செய்யலாம். 1920×1080 படம் திரையரங்கின் "ஃபிளாட்" எனப்படும் 1998×1080 சட்டகத்தில் இரு பக்கமும் மெல்லிய கறுப்புப் பட்டையோடு உட்காரும், அது தவறல்ல. இணையப் பிரதியின் ஒலி அளவை -14 எல்யுஎஃப்எஸ் (ஒலியின் உரப்பை அளக்கும் அலகு) அளவில் வையுங்கள். செய்த டிசிபியை முடிந்தால் ஒரு திரையரங்கில் காலைக் காட்சிக்கு முன் ஓட்டிப் பாருங்கள். மின்விசிறி ஒலி குறைவது ஹெட்ஃபோனில் கேட்டதுபோல ஹாலில் கேட்காது.

10. விழாக்களுக்கு அனுப்புவது

பொறுமை வேண்டிய இடம் இதுதான். யூடியூபில் ஏற்றாதீர்கள். இணையத்தில் பொதுவில் வந்துவிட்ட படத்தைப் பல விழாக்கள் எடுப்பதில்லை. "உறவினருக்காக ஒரு நாள் மட்டும்" என்று ஏற்றி இறக்கினாலும் கணக்கு ஒன்றுதான். விமியோ என்ற காணொளித் தளத்தில் கடவுச்சொல் போட்ட இணைப்பு போதும். அனுப்பிய பிறகு இணைப்பையும் கடவுச்சொல்லையும் மாற்றக் கூடாது. தேர்வாளர்கள் நான்கு மாதம் கழித்துத்தான் திறப்பார்கள்.

முதல் திரையிடல் எங்கே என்பதற்கு மதிப்பு உண்டு. சின்ன விழா ஒன்றில் முதலில் போட்டுவிட்டால், உலக முதல் திரையிடல் கேட்கும் பெரிய விழா கைவிட்டுப் போகும். ஆகவே பெரியதிலிருந்து சிறியதாக இறங்குங்கள். பிரான்சின் கிளேர்மோன்-ஃபெரான் விழா ஜனவரி கடைசியில் தொடங்கி பிப்ரவரியில் நடக்கும். அங்கே வழக்கத்துக்கு மாறான படங்களுக்கு "லாபோ" என்று தனிப் போட்டியே உண்டு, நம் வகைக்குச் சரியான கதவு. ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் குறும்பட விழா ஏப்ரல் கடைசி, மே தொடக்கம். கிளேர்மோனுக்கான விண்ணப்பம் முந்தைய ஆண்டிலேயே மூடிவிடும். பக்கத்தில் கேரள சலச்சித்ர அகாடமி திருவனந்தபுரத்தில் நடத்தும் சர்வதேச ஆவண, குறும்பட விழா. இரண்டாண்டுக்கு ஒருமுறை நடக்கும் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா (எம்ஐஎஃப்எஃப்). விதிகளை அந்தந்த ஆண்டின் அறிவிப்பிலேயே படியுங்கள். படம் முடிந்த தேதி, அதிகபட்ச நீளம் இரண்டும் முதலில் பார்க்க வேண்டியவை.

விண்ணப்பங்கள் பெரும்பாலும் ஃபிலிம்ஃப்ரீவே என்ற இணையதளம் வழியாகப் போகும். கணக்கு இலவசம், விழாவுக்குக் கட்டணம் டாலரில். உங்கள் வங்கி அட்டையில் வெளிநாட்டுப் பரிவர்த்தனை அணைத்து வைக்கப்பட்டிருக்கும். கடைசி நாள் இரவு 11 மணிக்கு அதைக் கண்டுபிடிக்காதீர்கள். ஒரே விழாவுக்கு முதல் தவணை, வழக்கமான தவணை, தாமதத் தவணை என்று கட்டணம் ஏறிக்கொண்டே போகும், முதல் தவணையிலேயே போட்டுவிடுங்கள். பெயர் கேள்விப்படாத "சர்வதேச" விழா மாதந்தோறும் விருது தருகிறது, அரங்கம் எங்கே என்று சொல்லவில்லை, கோப்பைக்குத் தனிப் பணம் கேட்கிறது என்றால் அந்தப் பக்கம் போகாதீர்கள். 8,000 ரூபாயில் நன்றாகத் தேர்ந்தெடுத்த நான்கைந்து விழாக்களுக்குத்தான் அனுப்ப முடியும். கட்டணமே இல்லாத விழாக்களை முதலில் தேடுங்கள்.

தேர்வானால் ஓரிரு நாளில் இவற்றைக் கேட்பார்கள்: படத்திலிருந்து மூன்று நிழற்படங்கள், இயக்குநர் புகைப்படம், 50 சொல்லில் கதைச் சுருக்கம், வசனப் பட்டியல், இசை உரிமைக் கடிதம், டிசிபி. எல்லாவற்றையும் ஒரே கோப்புறையில், ஆங்கிலக் கோப்புப் பெயரோடு, முன்பே போட்டு வையுங்கள். நிழற்படங்களைப் படப்பிடிப்பு நாளிலேயே தனியாக எடுத்திருக்க வேண்டும். காணொளியிலிருந்து பிடித்த ஃபிரேம் அச்சுக்கு மங்கும். அதிலும் 15 ஜோடி இருக்கும் படத்தை அனுப்பாதீர்கள். நான்கு ஜோடி இருப்பதை அனுப்புங்கள்.